ஓஸ்வின்னு பேரு வைக்கலாமா?

கேள்வி: அம்மா, வணக்கம். நாங்க பீடோங் பக்கம் தோட்டத்துலேருந்து வெளியான குடும்பம், இப்ப டவுன்ல தாமான் வீட்டுல இருக்கோம். மகனுக்கு ஆம்பளப் புள்ள பொறந்து மூணு வாரம் ஆச்சி. ரோகிணி நட்சத்திரம். கோயில் ஐயரு ஓ, வ, வி, வு இந்த நாலு எழுத்துல ஒண்ணு பாத்து வைங்கன்னாரு. மருமக போன்ல தேடி ஓஸ்வின்னு ஒரு வெள்ளக்காரப் பேர எடுத்துட்டு வந்துருச்சி. எனக்கு வாயில நொழையல, என் சம்சாரம் இப்பவே அஸ்வின்னுதான் கொஞ்சுறா. எண் கணிதம் பாக்குறவரு கூட்டு 22 வருது, அது நாலு, ராகு எண்ணு, பின்னால இன்னொரு என் சேருங்கன்னு சொல்றாரு. இந்தப் பேருக்கு அர்த்தம் என்னம்மா? வேதக்காரங்க பேரா? நாங்க மாரியம்மன் கோயில் குடும்பம். மகன்கிட்ட கேட்டா, யாருக்குமே இல்லாத பேருப்பா, அதான் புடிச்சிருக்குங்கறான். யாருக்கும் இல்லங்கறதெல்லாம் ஒரு காரணமா? நீங்க வேணாம்னு எழுதுனா புத்தகத்த அப்படியே கொண்டு போயி காட்டிருவேன்.
பேரனுக்குப் பேரு தேடுற தாத்தா, பீடோங், கெடா

பதில்: ஐயா, புத்தகத்தக் கண்டிப்பா காட்டுங்க, ஆனா நான் வேணாம்னு எழுதப் போறதில்ல. இதப் படிச்சி முடிச்சதும் அந்தப் பேரு உங்களுக்கே புடிச்சிப் போகும்னு நெனைக்கிறேன், ஏன்னா அந்தப் பேரோட அர்த்தம் உங்களுக்கு ஏற்கெனவே தெரியும், தமிழ்ல தெரியும்.

ஓஸ்வின்ங்கறது ரெண்டு வார்த்த சேர்ந்த பேரு. ஆயிரத்து முன்னூறு நானூறு வருசத்துக்கு முந்தி இங்கிலாந்துல பேசுன பழைய இங்கிலீஷ்ல 'ஓஸ்'னா தெய்வம், 'வினெ'ன்னா தோழன். ரெண்டையும் சேத்தா தெய்வத்தோட தோழன். நம்ம சுந்தரமூர்த்தி நாயனாருக்கு என்ன பேரு ஐயா? தம்பிரான் தோழர்! சிவன் வந்து கல்யாணத்த நிறுத்தி, திருவெண்ணெய்நல்லூர்ல ஆட்கொண்டதும் 'பித்தா பிறைசூடீ'ன்னு பாடுனாரே, அப்புறம் சம்சாரம் பரவையார் கோவத்த தீத்து வைக்க சாமியவே ராத்திரில தூது போக வச்சாரே, அந்த உரிமைக்குத்தான் அப்படி ஒரு பேரு. கடவுள அப்பான்னு கூப்பிட்டவங்க உண்டு, எஜமான்னு கூப்பிட்டவங்க உண்டு, கூட்டாளியா வச்சிக்கிட்டவரு அவருதான். அதே அர்த்தத்துல கடலுக்கு அந்தப் பக்கம் ஒரு குளிர் நாட்டுல புள்ளைக்குப் பேரு வச்சிருக்காங்க, நம்மள அவங்களுக்குத் தெரியாது, அவங்கள நமக்குத் தெரியாது. எனக்கு இது தெரிய வந்தப்ப உடம்பு சிலிர்த்துருச்சி, சும்மா சொல்லல.

வேதக்காரங்க பேரான்னு கேட்டீங்க. பைபிள்ல வர்ற பேரு இல்ல இது. அந்த ஊருக்கு கிறிஸ்துவம் வர்றதுக்கு முந்தியே அவங்க கும்புட்ட பழைய தெய்வங்களுக்குத்தான் 'ஓஸ்'னு சொன்னாங்க, மதம் மாறுன பின்னாடியும் பேரு மட்டும் அப்படியே தங்கிருச்சி. ஆனா இந்தப் பேர வச்சிருந்த ஒரு ராஜாவ பின்னால அவங்க புனிதரா கும்புட ஆரம்பிச்சாங்க, அவரு கதைய நீங்க கேக்கணும். நாளைக்கு உங்க பேரன் ஏன் தாத்தா எனக்கு இந்தப் பேருன்னு கேக்கும்போது நீங்க சொல்ல வேண்டிய கதையும் அதுதான்.

644லேருந்து 651 வரைக்கும் இங்கிலாந்துக்கு வடக்க டெய்ராங்கற ஒரு நாட்ட ஆண்டவரு ராஜா ஓஸ்வின், இப்ப யார்க்ஷயர்னு சொல்றாங்களே அந்தப் பக்கம். நம்ம கணக்குல சொல்லணும்னா மாமல்லன் நரசிம்மவர்மன் காஞ்சில ஆண்டுக்கிட்டு இருந்த காலம், வாதாபிய புடிச்ச 642க்கு ரெண்டு வருசம் கழிச்சி இவரு ராஜாவாகுறாரு. 731ல பீட்ங்கற ஒரு துறவி எழுதி முடிச்ச வரலாத்துல இவரப் பத்தி இருக்கு, உயரமா, பாக்க லட்சணமா, தன்மையா பேசுறவரு, பெரியவன் சின்னவன் பாக்காம கைய தாராளமா நீட்டுறவருன்னு.

இவரு நாட்டுக்கு எய்டன்னு ஒரு பிஷப் வருவாரு, அயர்லாந்துக்காரரு, எங்க போனாலும் நடந்தே போற சாமியாரு. ஆறு கடக்கணும், அவசரத்துக்குப் போகணும்னா கஷ்டப்படுறாரேன்னு ராஜா தன்கிட்ட இருந்ததுல நல்ல குதிரையா ஒண்ண, சேணம் ஜோடனையெல்லாம் போட்டு அவருக்குக் குடுத்தாரு. கொஞ்ச நாள்ல வழியில ஒரு ஏழ கைய நீட்டிட்டான், எய்டன் எறங்கி குதிரைய ஜோடனையோட அப்படியே அவனுக்குக் குடுத்துட்டாரு. ராஜா காதுக்குப் போச்சி. சாப்பிடப் போற நேரம், ராஜா கேக்குறாரு, உங்களுக்குன்னு பாத்துக் குடுத்த குதிரைய ஏங்க பிச்சக்காரனுக்குக் குடுத்தீங்க, குடுக்கணும்னா கம்மி வெலையில நம்மகிட்ட வேற குதிரை இல்லியா, வேற பொருள் இல்லியான்னு. எய்டன் திருப்பிக் கேட்டாரு, என்ன ராஜா சொல்றீங்க, பெட்டக் குதிர பெத்த குட்டி உங்களுக்குப் பெரிசா, கடவுளோட புள்ள பெரிசா?

அதுக்கப்புறம் நடந்ததுதான் எனக்குப் புடிச்ச இடம். பிஷப் உள்ள போயி ஒக்காந்துட்டாரு. ராஜா வேட்டையிலேருந்து அப்பத்தான் வந்தவரு, கணப்பு பக்கத்துல நின்னு குளிர் காஞ்சிக்கிட்டு இருந்தாரு, கூட ஆளுங்க நிக்கிறாங்க. யோசிச்சிக்கிட்டே இருந்தவரு திடீர்னு இடுப்புல இருந்த வாள அவுத்து வேலைக்காரன் கையில குடுத்துட்டு, வேகமா போயி பிஷப் கால்ல விழுந்துட்டாரு. இனிமே நம்ம பொருள்ல எத எவ்வளவு கடவுளோட புள்ளைங்களுக்குக் குடுத்தாலும் நான் ஒரு வார்த்த கேக்க மாட்டேன்னாரு. பிஷப் எழுப்பி சாப்பிட ஒக்கார வச்சாரு, ராஜா மொகம் தெளிஞ்சிருச்சி, ஆனா பிஷப் கண்ணுல தண்ணி. கூட இருந்த பாதிரி அயர்லாந்து பாஷையில, ராஜாவுக்குப் புரியாத பாஷையில, ஏன்னு கேட்டாரு. பணிவான ராஜாவ நான் இதுவரைக்கும் பாத்ததில்ல, இவரு ரொம்ப நாள் இருக்க மாட்டாரு, இந்த நாட்டுக்கு இப்படி ஒரு ராஜா இருக்குற தகுதி இல்லன்னாரு எய்டன்.

சொன்னபடியே ஆச்சி. பக்கத்து நாட்டு ராஜா ஓஸ்வியு படையெடுத்து வந்தாரு. அவரு படை பெரிசு, இவரு படை சின்னது. சண்ட போடாம தன் ஆளுங்கள அவங்கவங்க வீட்டுக்கு அனுப்பிட்டு, நம்பிக்கையான ஒரே ஒரு வீரனோட நண்பன்னு நெனச்ச ஒருத்தர் வீட்டுல போயி ஒளிஞ்சாரு. அந்த வீட்டுக்காரனே காட்டிக் குடுத்துட்டான். 651 ஆகஸ்ட் 20ஆம் தேதி கொன்னுட்டாங்க. பன்னெண்டாம் நாளு, ஆகஸ்ட் 31ல, எய்டனும் போயி சேந்துட்டாரு. டைன் ஆறு கடல்ல சேர்ற எடத்துல டைன்மவுத்னு ஒரு ஊரு, அங்கதான் ஓஸ்வின அடக்கம் பண்ணாங்க, அங்க இருந்த பழைய மடத்தோட செவரு இன்னைக்கும் கடலப் பாத்து நிக்கிது.

தெய்வத்தோட தோழன்னு பேர வச்சவர தோழனே காட்டிக் குடுத்தான்னு படிச்சா மனசு கனக்குது இல்ல? உங்க வீட்டுல பெரியவங்க யாராச்சும், வெட்டுப்பட்டு செத்த ராஜா பேரு புள்ளைக்கு எதுக்குன்னு கேப்பாங்க. கேட்டா அபிமன்யு எப்படி செத்தான், கர்ணன் எப்படி செத்தான்னு கேளுங்க, அந்தப் பேரெல்லாம் நாம ஆசையாத்தானே வைக்கிறோம். எப்படி செத்தாங்கறத வச்சி நாம யாரையும் கொண்டாடுறதில்ல, கால்ல விழுந்த அந்த ஒரு நிமிசத்த வச்சித்தான் ஓஸ்வின கொண்டாடுறாங்க.

பேரு ஏன் இவ்வளவு அபூர்வமாச்சின்னா, 1066ல நார்மன்காரங்க பிரான்ஸ்லேருந்து வந்து இங்கிலாந்த புடிச்சாங்க. அதுக்கப்புறம் வில்லியம், ராபர்ட், ரிச்சர்ட்னு எஜமான் வீட்டுப் பேருதான் மவுசு, ஊர்க்காரங்க தங்களோட பழைய பேர விட்டுட்டாங்க. எட்வர்ட் மாதிரி சிலது தாக்குப் புடிச்சிச்சி, ஓஸ்வின் கொஞ்சம் கொஞ்சமா மறஞ்சிருச்சி. இதப் படிக்கும்போது எனக்கு நம்ம தோட்டம்தான் ஞாபகத்துக்கு வந்துச்சி, முனியாண்டி, கருப்பையா, வீராயி, ராக்காயின்னு நம்ம தாத்தா பாட்டி பேரெல்லாம் எங்க போச்சி? நாம யாரும் தடுக்கல, அடிக்கல, வைக்கிறத நிறுத்திட்டோம், அவ்வளவுதான்.

இன்னொண்ணு, அவங்க பேரு வைக்கிற மொறையும் நம்மளுது மாதிரியேதான். நாம தமிழ்ச்செல்வன், அன்பழகன்னு ரெண்டு வார்த்தைய கோக்குறோம், அவங்களும் அப்படித்தான் கோத்தாங்க. ஒரு வீட்டுல மொதப் பாதிய விடாம புள்ளைங்களுக்கு வச்சிக்கிட்டே வருவாங்க, ஓஸ்வினோட அப்பா பேரு ஓஸ்ரிக். தமிழ்ச்செல்வன் தங்கச்சி தமிழ்ச்செல்வின்னு வைக்கிற வீட்ட நாம பாத்ததில்லியா.

யாருக்கும் இல்லாத பேருங்கறது ஒரு காரணமான்னு கேட்டீங்களே, அதுக்கு வரேன். தோட்டத்துல வேலைக்கு ஆள் கூப்பிடுற பெரட்டுல நின்னவங்களுக்குத் தெரியும், விடியக்காலைல வேலை வாங்குற தண்டல் முனியாண்டின்னு கூப்பிட்டா நாலு பேரு ஏன்னு கேப்பாங்க, அப்புறம் ஆறாம் லயத்து முனியாண்டி, பல்லு முனியாண்டி, மாட்டுக்கார முனியாண்டின்னு பிரிக்கணும். கணக்கு எழுதுற கிராணி காதுல எப்படி விழுந்துச்சோ அப்படி செக்ரோல்ல, அதான் ஆளுங்க பேர் பதியுற புத்தகத்துல, ஏறும், எங்க பாட்டிக்கு வள்ளின்னு வச்ச பேரு வெள்ளின்னு ஏறி, கடைசி வரைக்கும் ஐசில, அடையாள அட்டைல, வெள்ளியாவே இருந்துட்டாங்க. அப்படி ஒரு கூட்டத்துலேருந்து வந்தவங்களோட பேரப்புள்ளைங்க, எம் புள்ள பேரு எம் புள்ளைக்கு மட்டும் இருக்கட்டும்னு ஆசப்படுறதுல தப்பே இல்ல ஐயா. உங்க மகன் வாய்விட்டு இவ்வளவு சொல்லத் தெரியாம அத ஒரு வரில சொல்லிட்டாரு. ஆனா அபூர்வங்கறது மட்டுமே போதாது, அது உண்மை, போன்ல எதையோ தட்டி வாயில வர்ற சத்தத்த கூட்டிப் பேரு வைக்கிறாங்களே, அதுக்கு கேட்டா அர்த்தம் சொல்லத் தெரியாம முழிக்கிறாங்க, அது எனக்கு மனசுக்கு ஒப்பல. உங்க மருமக எடுத்தது அந்த ரகம் இல்ல.

சரி, நடைமுறைக்கு வருவோம், கவனமா பாக்க வேண்டியது சிலது இருக்கு. இங்கிலீஷ்காரங்க வாயில இது 'ஓ'ன்னு நீண்டு வராது, ஆஸ்வின்னு குறுகித்தான் வரும், அதனால உங்க சம்சாரம் அஸ்வின்னு கூப்பிடுறது பெரிய தூரம் இல்ல. ஆனா பள்ளிக்கூடத்துல டீச்சருங்களும் அஸ்வின்னே எழுதிருவாங்க, பள்ளி பாரத்துலயும் கிளினிக் கார்டுலயும் ஒவ்வொரு தடவையும் எழுத்தப் பாத்துத் திருத்த வேண்டி இருக்கும். வீட்டுல எல்லாரும் 'ஓ'ன்னே கூப்பிட்டுப் பழகுங்க, ரோகிணிக்கு ஐயரு குடுத்த எழுத்தும் அதுதானே.

சுருக்கிக் கூப்பிடுறதுல ஒரு சிக்கல் இருக்கு. வெள்ளக்காரங்க ஓஸ்வின், ஓஸ்வால்ட் எல்லாத்தையும் ஓசின்னுதான் சுருக்குவாங்க. நம்ம பசங்க மத்தியில அது என்னாகும்னு உங்களுக்கே தெரியும், சும்மா கெடைக்கிறத சொல்ற வார்த்த, ஒரு தடவ ஒட்டிக்கிச்சின்னா பள்ளிக்கூடத்துல பாரம் அஞ்சு முடிக்கிற வரைக்கும் விடாது. அதனால செல்லப் பேரு ஒண்ண நீங்களே முந்திக்கிட்டு வச்சிருங்க.

எண்ணு விசயம். அவரு போட்ட கணக்கு சரிதான், ஓ-க்கு 7, எஸ்-க்கு 3, டபிள்யுக்கு 6, ஐ-க்கு 1, என்-க்கு 5, மொத்தம் 22. இன்னொரு என் போட்டா 27, கூட்டுனா ஒம்பது, செவ்வாய் எண்ணு. பழைய காலத்துல இந்தப் பேர எழுதும்போது கடைசில ஒரு ஈ இருந்துச்சி, அதுக்கும் 5தான், அதப் போட்டாலும் 27 வரும். ஆனா தயவுசெஞ்சி ஈ மட்டும் போட்டுறாதீங்க, இன்னைக்கு இங்கிலீஷ் வாசிக்கிற புள்ளைங்க அத ஓ-ஸ்வைன்னு பிரிச்சிரும், ஸ்வைன்னா பன்னி. உங்க மனசு சமாதானத்துக்கு வேணும்னா ரெண்டு என் போடுங்க, சத்தம் மாறாது, அர்த்தமும் கெடாது. நம்பிக்கை இல்லாத மருமகள அதுக்காக கட்டாயப்படுத்த வேணாம். எப்படி எழுதுறதா இருந்தாலும் ஜேபிஎன், அதான் பதிவு இலாகா, போறதுக்கு முந்தி வீட்டுல ஒரு தாள்ல பெரிய எழுத்துல எழுதி, நாலு பேரும் பாத்து, அந்தத் தாளையே கொண்டு போங்க, பெர்த் சர்டிபிகேட்ல ஏறுன பிறகு ஒரு எழுத்த மாத்த நடக்குற நட இருக்கே, வெள்ளி பாட்டியோட பேத்தி நான் சொல்றேன். பொறந்த 60 நாளுக்குள்ள பதியணும், உங்களுக்கு இன்னும் நேரம் இருக்கு.

செல்லப் பேருக்கு எனக்கு ஒண்ணு தோணுது. ஓ-ல தமிழ்ப் பேரு கம்மி, அதனாலதான் உங்க மருமக அவ்வளவு தூரம் போயி தேடிருக்கு, ஓவியன்னு வைப்பாங்க, ஓம்காரன்னு வைப்பாங்க, அப்புறம் யோசிக்கணும். ஆனா ஓரின்னு ஒரு பேரு இருக்கு ஐயா. கொல்லிமலைய ஆண்ட வல்வில் ஓரி, கடையெழு வள்ளல்ல ஒருத்தரு. விட்ட அம்பு யானைய தொளச்சி, புலிய தொளச்சி, மான், பன்னின்னு போயி கடைசியா புத்துல கெடந்த உடும்புல நின்னுச்சின்னு புறநானூத்துல வன்பரணர் பாடுறாரு. இவரு குதிரைக்கும் ஓரின்னுதான் பேரு. கேட்டவங்களுக்கு அள்ளிக் குடுத்த ராஜா, இவரையும் இன்னொரு ராஜாதான் கொன்னான், மலையமான் திருமுடிக்காரி. இன்னைக்கும் ஆடிப் பதினெட்டுல கொல்லிமலைல வல்வில் ஓரி விழா எடுக்குறாங்க.

அங்க ஒரு வள்ளல், இங்க ஒரு வள்ளல், ரெண்டு பேருக்கும் நடுவுல ஒரு குதிரை. சர்டிபிகேட்ல ஓஸ்வின்னு இருக்கட்டும், வீட்டுல நீங்க ஓரின்னு கூப்பிடுங்க, அந்தப் பேரு உங்க வாயிலேருந்து வந்ததா இருக்கும். தொட்டில்ல போடுற அன்னைக்கு மொதல்ல அவன் காதுல எத சொல்றதுன்னு மட்டும் உங்க சம்சாரத்துகிட்ட கேட்டுக்குங்க.

கேள்வி: அக்கா, என் மூத்தவன் பேரு ஆல்வின், எளையவன் கெல்வின். பக்கத்து வீட்டு அக்கா ஒருத்தவங்க, ஆல்வின்னா பிசாசோட கூட்டாளின்னு அர்த்தம், எங்கயோ படிச்சேன்னு சொல்லிட்டாங்க. ஒரு வாரமா எனக்கு தூக்கமே இல்ல. பேர மாத்தணுமா? கெல்வினுக்கும் அப்படித்தானா?
ரெண்டு ஆம்பளப் புள்ளைங்க அம்மா, லுனாஸ்

பதில்: தூங்குங்கம்மா, மொதல்ல அது. ஆல்வின்ல கடைசியா வர்ற வின், மேல தாத்தாவுக்கு சொன்னேனே, அதே 'வினெ', தோழன். முன்னால இருக்குறது 'எல்ஃப்'. பழைய காலத்துல வெள்ளக்காரங்க காட்டுலயும் மலையிலயும் மனுசங்க கண்ணுக்குத் தெரியாத, சக்தி உள்ள ஒரு கூட்டம் வாழுதுன்னு நம்புனாங்க, நாம வனதேவதைன்னு சொல்ற மாதிரி. அவங்களோட நட்பு கெடச்சவன் அதிர்ஷ்டக்காரன்னு நெனச்சி வச்ச பேரு. பிசாசுன்னா ராஜா வீட்டுல வைப்பாங்களா? ஒம்பதாம் நூத்தாண்டுல ஆண்ட ஆல்ஃபிரட் ராஜாவ இன்னைக்கும் மகா ஆல்ஃபிரட்னு சொல்றாங்க, அவரு பேருல முன்னால இருக்குறதும் அதே எல்ஃப்தான். எட்வின்னா செல்வத்தோட தோழன், காட்வின்னா கடவுளோட தோழன், எல்லாம் ஒரே குடும்பம்.

கெல்வின் மட்டும் அந்தக் குடும்பம் இல்ல, சத்தம்தான் ஒண்ணு. ஸ்காட்லாந்துல கிளாஸ்கோ யூனிவர்சிட்டி பக்கத்துல ஓடுற ஒரு ஆறு கெல்வின். அந்த யூனிவர்சிட்டில பாடம் நடத்துன வில்லியம் தாம்சன்ங்கற விஞ்ஞானிக்கு 1892ல பிரபு பட்டம் குடுத்தப்ப அந்த ஆத்துப் பேரையே எடுத்து கெல்வின் பிரபுன்னு வச்சிக்கிட்டாரு, குளிருக்கு ஒரு அடி எல்லை உண்டுன்னு காட்டுற வெப்ப அளவு முறைய குடுத்தவரு, அந்த அளவுக்குக் கெல்வின்னு பேரு, அந்த எல்லை மைனஸ் 273.15 டிகிரி செல்சியஸ். எளையவன் பாரம் நாலுல பிசிக்ஸ் எடுத்தான்னா புத்தகத்துல தன் பேரப் பாப்பான். நாம காவேரின்னும் கங்காதரன்னும் ஆத்த வச்சிப் பேரு வைக்கிறவங்கதானே, அதுவும் நமக்குப் புதுசு இல்ல. பேரு ரெண்டும் நல்ல பேரு, மாத்த வேணாம். பக்கத்து வீட்டு அக்காகிட்ட கோவிச்சிக்காம இந்தப் பக்கத்த ஒரு தடவ வாசிக்கக் குடுங்க.